திரையில் சுருங்கும் இருபது மீட்டர்

வேகமாக வந்த பந்து பேட்ஸ்மேனின் பேடில் அடிக்கிறது. பந்துவீச்சாளர் திரும்பி நின்று கத்துகிறார். அம்பயர் அசையவில்லை. டீக்கடை டிவி முன்னால் நிற்கும் ஏழெட்டுப் பேர் அதற்குள் தீர்ப்பே எழுதிவிட்டார்கள். "நேரா நடு ஸ்டம்புய்யா! இந்த ஆளுக்குக் கண்ணு தெரியலையா?" பந்துவீசிய அணி மேல்முறையீடு செய்கிறது. கணினி வரைந்த பாதை திரையில் வருகிறது. பந்து ஸ்டம்புகளைத் தொடாமல் மேலே தாண்டிப் போகிறது. கடையில் ஒரு கணம் அமைதி. பிறகு ஒருவர், "மெஷின்ல ஏதோ கோளாறு" என்கிறார்.

கிரிக்கெட் பார்க்கும் எவருக்கும் இது பழகிய காட்சி. இதில் எனக்குச் சுவையாகப் படுவது, ஏழெட்டுப் பேரும் ஒரே பக்கமாகத் தவறினார்கள் என்பது. கண் பார்வைக் குறைவோ கவனக் குறைவோ காரணம் என்றால், ஒருவர் 'மேலே போகும்' என்பார், இன்னொருவர் 'வெளியே போகும்' என்பார். தவறுகள் சிதறிக் கிடக்கும். எல்லோரும் ஒரே திசையில் தவறினால், அவர்கள் பார்த்த பொருளிலேயே சாய்வு இருக்கிறது என்று பொருள். அளவியலில் இப்படி ஒரே பக்கம் சாயும் தவறை ஒருசார் பிழை என்று சொல்லலாம். அப்படியானால் அந்தச் சாய்வு படத்தில் எங்கே ஒளிந்திருக்கிறது?

கேமரா நிற்கும் இடம்

ஆஸ்திரேலியத் தொலைக்காட்சி முதலாளி கெர்ரி பேக்கர் கிரிக்கெட் வாரியத்தோடு மோதி, 1977இல் வேர்ல்ட் சீரிஸ் கிரிக்கெட் என்ற தனிப் போட்டியைத் தொடங்கினார். அதற்கு முன்பெல்லாம் முக்கியக் கேமரா பொதுவாக மைதானத்தின் ஒரு முனையில்தான் இருக்கும். ஓர் ஓவரில் பேட்ஸ்மேனின் முகத்தைப் பார்த்தால், அடுத்த ஓவர் முழுக்க அவர் முதுகைத்தான் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். பேக்கரின் ஆட்கள் இரு முனைகளிலும் கேமரா வைத்தார்கள். எந்த ஓவரானாலும் பந்துவீச்சாளரின் பின்னாலிருந்தே பார்க்கலாம் என்றாயிற்று. இன்று 'கிரிக்கெட்' என்றதும் நம் மனத்தில் எழும் படம் அந்தக் கோணம்தான். பந்துவீச்சாளரின் முதுகு, நடுவே பழுப்பு நிற பிட்ச், எதிரே பேட்ஸ்மேன்.

அந்தக் கோணம் அம்பயரின் கோணம் மாதிரியே தோன்றும். உண்மையில் இரண்டுக்கும் வெகு தூரம். அம்பயர் தன் முனை ஸ்டம்புகளுக்கு இரண்டு மீட்டர் பின்னால் நிற்கிறார் என்று வைத்துக்கொள்வோம். கேமராவோ எல்லைக்கோட்டுக்கும் அப்பால், பார்வையாளர் மாடத்தின் உயரத்தில் இருக்கிறது. கணக்குப் போட வசதியாக, அருகிலுள்ள ஸ்டம்புகளிலிருந்து அது 90 மீட்டர் தள்ளி இருக்கட்டும். இரு முனை ஸ்டம்புகளுக்கும் இடையே 20 மீட்டர் சொச்சம்.

அம்பயரின் கண்ணுக்கு அருகிலுள்ள ஸ்டம்ப் 2 மீட்டரில், எதிர் முனை ஸ்டம்ப் 22 மீட்டரில். ஆகவே அது பதினோரு மடங்கு சிறிதாகத் தெரியும். கேமராவுக்கு ஒன்று 90 மீட்டரில், மற்றது 110 மீட்டரில். எதிர் முனை ஸ்டம்ப் 100க்கு 82 என்ற அளவில், கிட்டத்தட்ட அதே உயரமாகத் தெரியும். ஒரு பொருள் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்பதை அது எவ்வளவு சிறுத்துப்போனது என்பதை வைத்துத்தான் மூளை பெரிதும் ஊகிக்கிறது. சிறுக்காத ஸ்டம்பைப் பார்த்ததும் 'பக்கத்தில்தான் இருக்கிறது' என்று முடிவுகட்டிவிடுகிறது. தொலைவிலிருந்து டெலிஃபோட்டோ லென்ஸால் இழுத்து எடுக்கும் படங்களின் இயல்பு இது. இதை ஆழச் சுருக்கம் என்று அழைப்போம். லென்ஸின் மீது பழி போடத் தேவையில்லை. அவ்வளவு தூரத்தில் போய் நின்றால் வெறுங்கண்ணுக்கும் இதே விகிதம்தான். லென்ஸ் அதைப் பெரிதாக்கிக் காட்டி, நாம் பக்கத்தில் நிற்பதாக நம்ப வைக்கிறது, அவ்வளவுதான்.

வேகம் எங்கே போயிற்று?

மணிக்கு 144 கிலோமீட்டர் என்று திரையின் மூலையில் எண் மின்னுகிறது. அது நொடிக்கு 40 மீட்டர். பந்துவீச்சாளரின் கோட்டிலிருந்து பேட்ஸ்மேனின் கோட்டுக்கு 17.68 மீட்டர். வழியில் வேகம் குறைவதைச் சேர்த்தாலும் அரை நொடிக்கு உள்ளேயே எல்லாம் முடிந்துவிடும். இருந்தும் சோபாவில் இருப்பவருக்கு, 'இதை ஏன் இவன் அடிக்கலே?' என்று தோன்றுகிறது.

பேட்ஸ்மேனின் கண்ணில், 17 மீட்டரில் கிளம்பிய பந்து ஒரு மீட்டரை எட்டும்போது 17 மடங்கு பெரிதாகியிருக்கும். புள்ளியாகக் கிளம்பியது முகத்துக்கு நேரே ஊதிப் பெருக்கிறது. வேகத்தின் திகில் அந்தப் பெருக்கத்தில் இருக்கிறது. நம் திரையிலோ அதே பந்து 91 மீட்டரிலிருந்து 108 மீட்டருக்குப் போகிறது. ஆறில் ஒரு பங்கு சிறுக்கிறது. அதுவும் நம்மை விட்டு விலகிப் போகிறது! மேலும், நொடிக்கு 50 முறை புதுப்பிக்கப்படும் திரையில், ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் இடையே அந்தப் பந்து 80 சென்டிமீட்டர் தாவியிருக்கும். நடுவில் நடந்ததை மூளை தானாக இட்டு நிரப்பிக்கொள்கிறது.

மூலையில் மின்னும் எண்ணுக்கு உண்மையில் இதுதான் வேலை. படம் தொலைத்ததை எண் ஈடுசெய்யப் பார்க்கிறது. வேகத்தை நாம் பார்ப்பதில்லை, படித்துத் தெரிந்துகொள்கிறோம்.

ஆழச் சுருக்கத்துக்கு இன்னொரு பக்கமும் உண்டு. நீளவாக்கு சுருங்கும்போது குறுக்குவாக்கு சுருங்குவதில்லை. ஆகவே பந்து பக்கவாட்டில் வளைவது திரையில் எடுப்பாகத் தெரிகிறது. ஸ்விங்கையும் சுழலையும் ரசிக்க டிவிதான் சிறந்த இடம், மைதானத்தில் பக்கவாட்டு மாடத்தில் டிக்கெட் வாங்கியவருக்கு அது கிடைக்காது. பந்தின் திசையைப் பற்றி டீக்கடை சொல்வதை ஓரளவு நம்பலாம் என்பதும் இதனால்தான். அதன் உயரத்தைப் பற்றிச் சொல்வதை நம்பினால் மோசம்போவோம்.

ஒரே ஒரு பந்து

ஒரு பந்தை எடுத்துக்கொண்டு முழுவதும் கணக்கிட்டுப் பார்ப்போம். பெருக்கல், வகுத்தல் போதும்.

ஸ்டம்பின் உயரம் 71 சென்டிமீட்டர். பந்து ஸ்டம்புகளுக்கு ஆறு மீட்டர் முன்னால் தரையில் பட்டு எழும்புகிறது. பேட்ஸ்மேன் காலை நீட்டி முன்னால் வந்திருக்கிறார். ஆகவே பந்து அவர் பேடில் படும் இடம் ஸ்டம்புகளுக்கு 2 மீட்டர் முன்னால். அப்போது அதன் உயரம் 60 சென்டிமீட்டர். பந்து இன்னும் ஏறிக்கொண்டிருக்கிறது; எட்டு அடி முன்னேறினால் ஓர் அடி ஏறும் என்ற அளவில். வேகப்பந்துக்கு இது இயல்பான ஏற்றம்தான்.

பேடு குறுக்கே இல்லாவிட்டால் என்ன ஆகியிருக்கும்? மீதி 2 மீட்டரில் இன்னும் 25 சென்டிமீட்டர் ஏறும். ஸ்டம்புகளை அடையும்போது உயரம் 85 சென்டிமீட்டர். ஸ்டம்பின் தலையைவிட 14 சென்டிமீட்டர் உயரத்தில் பறந்திருக்கும். நாட் அவுட், சந்தேகமே இல்லை.

இப்போது இதையே கேமராவின் கண்ணால் பார்ப்போம். கேமரா தரையிலிருந்து 15 மீட்டர் உயரத்தில், பேட்ஸ்மேன் முனை ஸ்டம்புகளுக்கு 110 மீட்டர் தள்ளி இருக்கட்டும். அதிலிருந்து பேடில் படும் பந்து வரை ஒரு நூல் கட்டுங்கள். 108 மீட்டர் தூரத்தில் அந்த நூல் 14.4 மீட்டர் இறங்குகிறது. அதாவது மீட்டருக்கு 13 சென்டிமீட்டருக்குச் சற்று மேல். நூலை அப்படியே பந்தைத் தாண்டி நீட்டினால், அடுத்த 2 மீட்டரில் இன்னும் 27 சென்டிமீட்டர் இறங்கி, ஸ்டம்பில் 33 சென்டிமீட்டர் உயரத்தில் போய் முட்டும்.

71 சென்டிமீட்டர் ஸ்டம்பில் 33 என்றால் ஏறத்தாழ நட்டநடு. திரையில் அந்தப் பந்து ஸ்டம்பின் நடுப்பகுதிக்கு மேல் ஒட்டிவைத்தது போலத் தெரியும். உண்மையில் 85 சென்டிமீட்டரில் போகவேண்டியது, படத்தில் 33இல் உட்கார்ந்திருக்கிறது. வித்தியாசம் அரை மீட்டருக்கு மேல். மேலிருந்து பார்க்கும் கேமரா பந்தின் உயரத்தைத் தூரமாக மாற்றிக் காட்டிவிடுகிறது. பந்து நின்ற இடத்துக்கும் ஸ்டம்புக்கும் நடுவே இருந்த 2 மீட்டரை ஆழச் சுருக்கம் விழுங்கிவிடுகிறது. இரண்டும் சேர்ந்து டீக்கடையை ஏமாற்றுகின்றன. ஏமாற்றும் திசை எப்போதும் ஒன்றே: பந்து உண்மையைவிடத் தாழ்வாக, 'அவுட்' பக்கமாகத் தெரியும்.

அம்பயருக்கு? அவர் கண் உயரம் 1.7 மீட்டர், பேடு அவரிடமிருந்து 20 மீட்டர். அதே நூலைக் கட்டினால் அது ஸ்டம்பில் 49 சென்டிமீட்டரில் முட்டுகிறது. அவருக்கும் பந்து தாழ்வாகத்தான் தெரிகிறது, ஆனால் நம்மளவு இல்லை. தவிர அவர் பேட்ஸ்மேன் எவ்வளவு முன்னால் வந்தார் என்பதையும், காலையிலிருந்து அந்த பிட்ச்சில் பந்து எவ்வளவு எழும்புகிறது என்பதையும் கணக்கில் வைத்திருக்கிறார். 'பேட்ஸ்மேன் நன்றாக முன்னால் வந்துவிட்டார்' என்று அம்பயர்கள் தயங்குவதன் பின்னால் இருக்கும் வடிவியல் இதுதான். கிண்டியில் பொறியியல் படித்த வெங்கட்ராகவன் 73 டெஸ்ட் போட்டிகளில் அம்பயராக நின்றவர். அவருக்கு இந்தக் கணக்கு புரிந்திருக்கும் என்று நினைக்க எனக்குப் பிடித்திருக்கிறது.

கேமரா சற்றுப் பக்கவாட்டில் விலகினால் திசையும் பிசகும். 3 மீட்டர் விலகிய கேமராவில், மேலே சொன்ன பந்து ஐந்தரை சென்டிமீட்டர் நகர்ந்து தெரியும். மூன்று ஸ்டம்புகளின் மொத்த அகலமே 23 சென்டிமீட்டர்தான்.

கோடு சொல்லாமல் விடுவது

இந்தச் சிக்கலைத் தீர்க்க வந்ததுதான் ஹாக்-ஐ. பால் ஹாக்கின்ஸ் என்ற பிரிட்டிஷ் பொறியாளர் உருவாக்கியது. 2001இல் லார்ட்ஸில் நடந்த இங்கிலாந்து–பாகிஸ்தான் டெஸ்டில் சேனல் 4 அதை முதன்முதலில் காட்டியது. மைதானத்தைச் சுற்றிப் பல கேமராக்கள், ஒவ்வொன்றும் பந்தைத் தன் கோணத்தில் படமெடுக்கும். கோணங்களைச் சேர்த்து, ஒவ்வொரு கணத்திலும் பந்து வெளியில் எங்கே இருந்தது என்று கணினி கண்டுபிடிக்கும். அந்தப் புள்ளிகளைச் சேர்த்தால் பாதை. பேடில் பட்ட பிறகு புள்ளிகள் இல்லை. அதுவரை வந்த பாதையை வைத்து மீதியை ஊகிக்கும்.

இந்த இயந்திரம் டீக்கடையையும் அம்பயரையும்விட நிச்சயம் துல்லியமானது. எனக்கு மனக்குறை அது வரையும் படத்தின் மீது. அளந்த பகுதியும் ஊகித்த பகுதியும் ஒரே கனத்தில், ஒரே வழவழப்பில் வருகின்றன. பந்து தரையில் பட்ட பின் நொடிக்கு 33 மீட்டர் போகிறது, கேமரா நொடிக்கு 100 படம் எடுக்கிறது என்று வையுங்கள். தரைக்கும் பேடுக்கும் 4 மீட்டர் இடைவெளி இருந்தால் பன்னிரண்டு புள்ளிகள் கிடைக்கும். யார்க்கருக்குச் சற்றுக் குறைவான பந்து, தரையில் பட்டு 60 சென்டிமீட்டரிலேயே பேடில் அடித்தால் இரண்டே புள்ளிகள். பன்னிரண்டை வைத்துச் செய்த ஊகமும் இரண்டை வைத்துச் செய்த ஊகமும் திரையில் ஒரே அழகோடு சீறிப் பாய்கின்றன.

2007 விம்பிள்டன் இறுதி ஆட்டத்தில் ஃபெடரருக்கு எதிராக நடால் அடித்த ஒரு பந்தை வெளியே என்று அறிவித்தார்கள். நடால் முறையிட, பந்து ஒரு மில்லிமீட்டர் கோட்டைத் தொட்டதாக ஹாக்-ஐ காட்டியது. ஃபெடரர் அந்த இயந்திரத்தை அணைத்துவிடும்படி அம்பயரிடமே கேட்டார். அந்த இயந்திரத்துக்கு அப்போது சொல்லப்பட்ட சராசரிப் பிழையே 3.6 மில்லிமீட்டர். கார்டிஃப் பல்கலைக்கழகச் சமூகவியலாளர்கள் ஹேரி காலின்ஸும் ராபர்ட் எவன்ஸும் 2008இல் இதை ஆராய்ந்து எழுதினார்கள். அளக்கும் கருவி எதற்கும் பிழை உண்டு என்பது அறிவியல் படித்தவர்களுக்கு அரிச்சுவடி. டிவி அதை மறைத்து, நடந்ததை அப்படியே காட்டுவதாகப் பொதுமக்களை நம்ப வைக்கிறது என்பது அவர்கள் வாதம். பிழையின் அளவையும் படத்தோடு சேர்த்துக் காட்டச் சொன்னார்கள்.

கிரிக்கெட் ஒரு வகையில் அதைச் செய்கிறது. 'அம்பயர்ஸ் கால்' என்று எல்லோரும் திட்டும் விதி அதற்குத்தான். பந்தின் பாதிக்கும் குறைவான பகுதியே ஸ்டம்பைத் தொடும் என்று கணினி சொன்னால், களத்தில் அம்பயர் என்ன சொன்னாரோ அதுவே நிற்கும். இயந்திரம் உறுதியாகச் சொல்ல முடியாத விளிம்புக்கு விட்ட இடம் அது. ஆனால் பந்து ஸ்டம்பில் உரசும் வண்ணப் படத்தைப் போட்டுக் காட்டிவிட்டு 'நாட் அவுட்' என்றால் யார் ஏற்பார்கள்? பந்தின் ஓரத்தை மங்கலாக, புகைமாதிரி வரைந்து காட்டியிருந்தால் பாதிச் சண்டை குறைந்திருக்கும் என்பது என் எண்ணம். மங்கலான படத்துக்கு விளம்பரதாரர் கிடைப்பாரா என்பது வேறு கேள்வி.

மெதுவாக்கினால் எண்ணம் முளைக்கும்

1963 டிசம்பர் 7. அமெரிக்க ராணுவக் கல்லூரிக்கும் கடற்படைக் கல்லூரிக்கும் இடையே அமெரிக்கக் கால்பந்து. சிபிஎஸ் இயக்குநர் டோனி வெர்னா, ராணுவ அணி புள்ளி எடுத்த காட்சியை உடனே மறுபடி ஓட்டினார். வர்ணனையாளர் லிண்ட்சி நெல்சன், ராணுவ அணி மறுபடி புள்ளி எடுத்துவிடவில்லை என்று நேயர்களுக்கு விளக்க வேண்டியிருந்தது. இப்படி உடனே ஓடும் ரீப்ளே அந்த நேயர்களுக்குப் புதிது.

அது இயல்பான வேகத்தில் ஓடியது. பிறகு வந்த ஸ்லோமோஷன் வேறொரு வேலையையும் சேர்த்துச் செய்கிறது. கருசோ, பர்ன்ஸ், கன்வெர்ஸ் என்ற மூன்று ஆய்வாளர்கள் 2016இல் வெளியிட்ட ஆய்வில், ஒரு துப்பாக்கிச் சூட்டின் காட்சியைச் சிலருக்கு இயல்பான வேகத்திலும் சிலருக்கு மெதுவாகவும் காட்டினார்கள். மெதுவாகப் பார்த்தவர்கள், சுட்டவன் யோசித்து, வேண்டுமென்றே சுட்டான் என்று கூடுதலாக நம்பினார்கள். அமெரிக்கக் கால்பந்து மோதல் ஒன்றிலும் அதே விளைவு. உண்மையில் எவ்வளவு நேரம் ஆயிற்று என்று கடிகாரத்தைத் திரையிலேயே காட்டியபோது விளைவு குறைந்தது, மறையவில்லை. பார்ப்பவருக்குக் கிடைத்த அவகாசம் செய்தவருக்கும் கிடைத்ததாக மனம் எடுத்துக்கொள்கிறது.

கால்பந்தின் விதிகளை வகுப்பவர்கள் இதைக் கவனித்திருக்கிறார்கள். வீடியோ நடுவர் முறையில், கால் எங்கே பட்டது, பந்து கையில் பட்டதா என்பது போன்ற இடம் சார்ந்த கேள்விகளுக்கு மட்டுமே மெதுவான காட்சி. மோதல் எவ்வளவு கடுமை என்று பார்க்க இயல்பான வேகம். வீட்டில் இருக்கும் நமக்கு அந்த விதி இல்லை. நான்கு கோணத்தில், நான்கு முறை, மெதுவாகவே பார்த்துவிட்டு 'சிவப்பு அட்டை!' என்கிறோம்.

மெதுவாக்குவதோடு ஆழச் சுருக்கமும் சேர்ந்தால் சச்சரவு உறுதி. 2023 ஜூனில் ஓவலில் நடந்த உலக டெஸ்ட் சாம்பியன்ஷிப் இறுதியில், ஷுப்மன் கில் அடித்த பந்தை கேமரன் கிரீன் தரையோடு தரையாகப் பாய்ந்து பிடித்தார். மூன்றாவது அம்பயர் பலமுறை பார்த்து அவுட் கொடுத்தார். தூரத்துக் கேமராவில் விரல்களுக்கு முன்னால் இருக்கும் புல்லும் பின்னால் இருக்கும் பந்தும் ஒரே தளத்தில் ஒட்டிக்கொள்கின்றன. விரல் பந்துக்கு அடியில் இருக்கிறதா, அருகில் இருக்கிறதா என்று அந்தப் படத்தால் சொல்ல முடியாது. பெரிதாக்கினால் புல்தான் பெரிதாகும். இந்தியாவில் பார்த்தவர்களும் ஆஸ்திரேலியாவில் பார்த்தவர்களும் அவரவர் கண்ணில் பட்டதை உறுதியாகச் சொன்னார்கள்.

காதில் விழுவது

இதுவரை கண்ணைப் பற்றிப் பேசினோம். காது இன்னும் எளிதில் ஏமாறும். 1977இல் காமிஸ்கி, பிரையன்ட், ஸில்மன் என்ற அமெரிக்க ஆய்வாளர்கள் ஐஸ் ஹாக்கி ஆட்டத்தின் இரண்டு துண்டுகளை எடுத்தார்கள். ஒன்றில் உண்மையிலேயே முரட்டு ஆட்டம். ஆனால் வர்ணனையாளர் அதைப் பெரிதாகச் சொல்லவில்லை. மற்றதில் சாதாரண ஆட்டம். வர்ணனையாளரோ மோதல், கடுமை என்று வார்த்தைகளை இறைத்தார். பார்த்தவர்களுக்கு எது முரட்டு ஆட்டமாகப் பட்டது? சாதாரண ஆட்டம்தான்.

சில ஆண்டுகள் கழித்து பிரையன்ட்டும் ஸில்மனும் சகாக்களோடு சேர்ந்து டென்னிஸில் இன்னும் நுட்பமாகச் செய்தார்கள். ஒரே ஆட்டம், ஒரே காட்சி, மூன்று வர்ணனைகள். ஒன்றில் ஆடும் இருவரும் நண்பர்கள். இன்னொன்றில் ஒருவரையொருவர் வெறுப்பவர்கள். மூன்றாவதில் உறவைப் பற்றிப் பேச்சே இல்லை. பகைவர்கள் என்று கேட்டுக்கொண்டே பார்த்தவர்களுக்கு ஆட்டம் ஆக்ரோஷமாகவும் பதற்றமாகவும் தெரிந்தது. அவர்கள்தான் அதை அதிகமாக ரசித்தவர்களும்.